எப்போதும் ஆண்டு ஒன்று

பிரெஞ்சுப் புரட்சிக்காரர்கள் நாளைப் பத்து மணியாகக் கூறுபோட்டு, ஈராண்டுக்குள் கைவிட்ட கதையைச் சென்ற வாரம் பார்த்தோம். அதே பத்து மணி ஒரு கற்பனைக் கோளில் எந்தச் சச்சரவும் இல்லாமல் ஓடிக்கொண்டிருக்கிறது. உர்சுலா லெ குவின் 1969-இல் எழுதிய ‘தி லெஃப்ட் ஹேண்ட் ஆஃப் டார்க்னெஸ்’ நாவலின் கெத்தென் அது. அங்கே முதல் மணி நண்பகலில் தொடங்குகிறது.

கெத்தென் ஒரு பனிக்கோள். அதன் ஒரு நாள் நம்முடைய 23.08 மணி நேரம். மாதத்துக்கு 26 நாள், ஆண்டுக்கு 14 மாதம். ஆக 364 நாள், மிச்சம் மீதி கிடையாது. நிலவும் மாதக் கணக்கை விட்டு விலகுவதில்லை. தேதி தெரிந்தால் பிறை தெரிந்துவிடும். ஏறக்குறைய 200 ஆண்டுக்கு ஒரு தடவை சின்னத் திருத்தம் செய்தால் போதும். நம் பஞ்சாங்கக்காரர்கள் 29.53 நாள் நிலவையும் 365.26 நாள் ஆண்டையும் இணைக்க, அதிமாதம் என்று கூட்டியும் க்ஷயமாதம் என்று குறைத்தும் பட்ட பாட்டை இத்தொடரில் படித்தவர்களுக்கு, இந்த அம்மையார் குறுக்கு வழியில் போய்விட்டார் என்றே தோன்றும். எனக்கும் தோன்றியது.

ஆனால் அந்த 26-க்கு வேறொரு வேலையும் இருக்கிறது. கெத்தென் மக்கள் ஆணும் அல்லர், பெண்ணும் அல்லர். மாதத்தில் பெரும்பகுதி பால் உணர்வே இல்லாமல் இருப்பார்கள். பிறகு சில நாள் மட்டும் ‘கெம்மர்’ என்ற நிலை வரும், அப்போது ஒருவர் ஆணாகவோ பெண்ணாகவோ ஆவார். இந்தச் சுழற்சியும் ஏறக்குறைய 26 நாள்தான். லெ குவினின் தந்தை ஆல்ஃபிரெட் க்ரோபர் பெயர்பெற்ற மானுடவியலாளர். மகள் நாட்காட்டியை உடலோடு சேர்த்துப் பின்னியது தற்செயலாக இருக்காது.

மாதம் 13 நாள் கொண்ட இரு பாதிகள். முதல் பாதியின் நாட்பெயர்களே முன்னொட்டுடன் மறுபாதியிலும் திரும்பும், வளர்பிறையிலும் தேய்பிறையிலும் நமக்குத் திதிகள் திரும்புவதுபோல. ஒன்பதாம் நாள் ‘ஹார்ஹாஹத்’ என்றால் 22-ஆம் நாள் ‘ஓதார்ஹாஹத்’. கதை தொடங்குவதே அந்த 22-ஆம் நாளில்தான்.

எந்த ஆண்டு? ஆண்டு ஒன்று. அங்கே நடப்பு ஆண்டு எப்போதுமே ஒன்றுதான். புத்தாண்டு பிறந்ததும் போன ஆண்டு ‘ஒன்று முந்தையது’ ஆகிவிடும். அதற்கு முந்தையவையெல்லாம் ஒவ்வோர் இலக்கம் பின்னே தள்ளிப்போகும். வரப்போகிறவையும் இப்படியே முன்னோக்கி எண்ணப்படுகின்றன. பழையதைக் குறிக்க அரசர்களின் ஆட்சிக்காலத்தையோ ஊரறிந்த நிகழ்ச்சியையோ துணைக்கு அழைப்பார்கள். தஞ்சைப் பெரிய கோயில் கலசத்துக்குச் செம்புக்குடம் கொடுத்ததை ராஜராஜனின் 25-ஆம் ஆண்டு, 275-ஆம் நாள் என்று கல்லில் வெட்டிய நமக்கு இது அவ்வளவு அந்நியமல்ல. அரசர் மாறினால் நம் எண்ணிக்கையும் ஒன்றுக்குத் திரும்பியது. கெத்தெனில் அது ஆண்டுதோறும் நடக்கிறது, அரசர் யாராக இருந்தாலும்.

நாவலை நான் மதிப்பது இந்த இடத்தில்தான். பல அறிவியல் புனைகதைகளில் நாட்காட்டி வெறும் மேடை அலங்காரம். வாயில் நுழையாத மாதப் பெயர்களோடு சரி. லெ குவின் அதிலிருந்து ஒரு சமூகத்தின் குணத்தையே வருவிக்கிறார். கெத்தெனின் கார்ஹைட் நாட்டில் இயந்திர யுகம் வந்து மூவாயிரம் ஆண்டாகிவிட்டது. ஆனாலும் லாரிகள் மணிக்கு 25 மைலில் ஊர்கின்றன. வேகமாக ஓட்ட முடியாமல் அல்ல, அவசியம் தெரியாமல். எல்லோரும் ஆண்டு ஒன்றிலேயே வாழ்வதால், எதைத் தாண்டிப் போவது என்ற கேள்வியே எழவில்லை. 1969 என்றும் 1970 என்றும் ஏறிக்கொண்டே போகும் எண்தான் நம்மை விரட்டுகிறதோ என்று வாசகர் யோசிக்கத் தொடங்கும்போது கதை வேறு பக்கம் போய்விடுகிறது.

எப்போதும் ஆண்டு ஒன்று என்ற இந்த வழக்கத்துக்குக் கெத்தெனிலேயே விதிவிலக்கு யோமெஷ் மதத்தார். மெஷே என்ற ஞானி பிறந்ததிலிருந்து 144 ஆண்டுச் சுழற்சிகளாக எண்ணுவது அவர்கள் வழக்கம். அந்த மதத்தைப் போற்றி வளர்க்கும் ஓர்கொரெய்ன் என்ற நாட்டின் அரசுகூட அலுவலகத்தில் இந்தக் கணக்கை ஏற்கவில்லை. எதற்கெடுத்தாலும் அடையாளப் பத்திரம் கேட்கும் நாடு அது! ஒவ்வொரு புத்தாண்டுக்கும் கோப்புகளின் ஆண்டு எண்ணையெல்லாம் ஒவ்வொன்றாகத் திருத்தும் குமாஸ்தாவுக்கு லெ குவின் ஓர் அத்தியாயமாவது ஒதுக்கியிருக்கலாம்.

(தொடரும்)