போட்டி நாளில் பாதையின் உரிமை

கொழும்பு ரோயல் கல்லூரிக்கும் கண்டி டிரினிட்டி கல்லூரிக்கும் இடையே நடக்கும் பிராட்பிக் கேடய றகர் போட்டியை அறியாதவர் நம் நாட்டில் குறைவு. இவ்விரு கல்லூரிகளும் 1920ஆம் ஆண்டிலேயே றகரில் சந்தித்துவிட்டன. ரோயல் கல்லூரியின் அதிபராயிருந்த ஈ. எல். பிராட்பி அவர்கள் வழங்கிய கேடயத்துக்காக 1945 முதல் மோதி வருகின்றன. ஓர் ஆட்டம் கொழும்பில், மற்றது கண்டியில். இரண்டிலும் பெற்ற புள்ளிகளைக் கூட்டியே வெற்றி தீர்மானிக்கப்படும். ஆதலால் முதல் ஆட்டத்தில் தோற்றவர்களும் நம்பிக்கை இழப்பதில்லை. கொடியும் குடும்பமுமாக அடுத்த ஊருக்குப் புறப்பட்டு விடுகிறார்கள்.

இவ்விரு கல்லூரிகளிலும் நமது பிள்ளைகள் படிக்கிறார்கள், விளையாடுகிறார்கள். பழைய மாணவர்களான வாப்பாமாரும் மாமாமாரும் அந்நாளில் வீட்டில் இருப்பதில்லை. விளையாட்டைப் பார்ப்பது ஆகுமா என்ற கேள்விக்கு இங்கே நீண்ட விளக்கம் தேவையில்லை. அபிசீனியர் ஈட்டிகளுடன் விளையாடியதை அன்னை ஆயிஷா (ரழி) அவர்கள் பார்ப்பதற்கு நபி (ஸல்) அவர்கள் இடமளித்த செய்தி புகாரியில் உண்டு. தொழுகை பாழாகாமலும், சூதும் போதையும் கலவாமலும், பிறருக்குத் தொல்லை இல்லாமலும் இருந்தால் அனுமதிக்கப்பட்ட பொழுதுபோக்குத்தான்.

இவற்றுள் முதலிரண்டு நிபந்தனைகளையும் பற்றி நாம் நிறையவே பேசுகிறோம். மூன்றாவதைப் பற்றி மிகக் குறைவாகவே பேசுகிறோம். மைதானத்துக்குள் நடப்பது ஒன்றரை மணி நேரத்து விளையாட்டு. மைதானத்துக்கு வெளியே, வாகனத்தை எங்கே நிறுத்துகிறோம், எப்படிப் போகிறோம், எப்படித் திரும்புகிறோம் என்பதோ அடியார்களின் உரிமை சம்பந்தப்பட்ட விடயம். அதற்கு மறுமையில் கணக்கு உண்டு.

படை தங்கிய இடத்தில் ஓர் அறிவிப்பு

முஆத் இப்னு அனஸ் அல்ஜுஹனீ (ரழி) அவர்கள் அறிவிக்கும் ஒரு ஹதீஸ் அபூதாவூதில் பதிவாகியுள்ளது. அவர்கள் நபி (ஸல்) அவர்களுடன் ஒரு படையெடுப்பில் கலந்துகொண்டார்கள். தங்குமிடம் வந்ததும் மக்கள் தத்தம் வசதிக்கு இடம் பிடித்தார்கள். பிறருக்கு இடம் நெருக்கடியாயிற்று, பாதையும் அடைபட்டது. இதை அறிந்த நபி (ஸல்) அவர்கள் அறிவிப்பாளர் ஒருவரை அனுப்பினார்கள். தங்குமிடத்தை நெருக்கடியாக்கியவருக்கும் பாதையை அடைத்தவருக்கும் ஜிஹாதின் பலன் இல்லை என்ற கருத்தில் அவர் மக்களிடையே அறிவித்தார்.

இந்தச் செய்தியைச் சற்று நிதானமாகச் சிந்திக்க வேண்டும். வந்திருந்தவர்கள் வேடிக்கை பார்க்க வந்தவர்கள் அல்லர்; அல்லாஹ்வின் பாதையில் உயிரைக் கொடுக்க வந்தவர்கள். அத்தகைய உயர்ந்த அமலின் பலனே, ஒட்டகத்தைக் கட்டிய இடம் தவறியதால் கைநழுவிப் போகலாம் என்றால், ஒரு கேடயப் போட்டிக்குப் போகிறவர் அடுத்தவரின் வாசலை அடைத்து வாகனத்தை நிறுத்துவதற்கு என்ன நியாயம் சொல்ல முடியும்? "இன்று ஒரு நாள்தானே" என்பார்கள். அந்தப் படை தங்கியதும் ஓர் இரவுக்கோ இரண்டு இரவுக்கோதான்.

பிரயாணிகள் இரவில் இளைப்பாறும்போது பாதையை விட்டு விலகித் தங்குமாறு பணிக்கும் ஹதீஸ் முஸ்லிமில் இருக்கிறது. பாதையில் கிடக்கும் தொல்லையை அகற்றுவது ஈமானின் கிளைகளுள் ஒன்று என்பதை மத்ரஸாவில் ஓதும் சிறுவனும் அறிவான். அகற்ற வேண்டிய தொல்லையாக நமது வாகனமே மாறிவிடக் கூடாது.

மின்ஹாஜ் கூறும் சட்டம்

நமது அரபுக் கல்லூரிகளில் ஓதப்படும் இமாம் நவவீ (ரஹ்) அவர்களின் மின்ஹாஜில் பாதைகளின் சட்டம் தெளிவாக வகுக்கப்பட்டுள்ளது. இமாமவர்கள் ஹிஜ்ரி 676இல் வபாத்தானவர்கள். அக்காலத்தில் மோட்டார் வாகனம் இல்லை. ஆயினும் அவர்கள் வகுத்த சட்டம் இன்றைய போட்டி நாளுக்கென்றே சொன்னது போல இருக்கிறது.

அதன்படி பாதைகள் இரு வகை. ஒன்று, இரு புறமும் திறந்த பொதுப் பாதை. அதில் செல்வோருக்கு இடையூறு தரும் எதையும் எவரும் செய்யலாகாது. மற்றது, ஒரு புறம் முடிந்துபோகும் ஒழுங்கை. அது அதில் வாசல் வைத்திருக்கும் வீட்டாரின் உரிமை. அவர்களுடைய சம்மதம் இல்லாமல் வெளியார் அதில் எதையும் ஏற்படுத்த முடியாது. இளைப்பாறவோ கொடுக்கல் வாங்கலுக்காகவோ பொதுப் பாதையில் அமர்வதற்கு அனுமதி உண்டு. ஆனால் போவோர் வருவோருக்கு நெருக்கடி ஏற்படக் கூடாது.

இதை நம் காலத்துக்குப் பொருத்திப் பார்ப்பது கடினமல்ல. ஓரமாக, பிற வாகனங்கள் தாராளமாகச் செல்லும்படி, அனுமதிக்கப்பட்ட இடத்தில் நிறுத்தலாம். வளைவிலும், நடைபாதையின் மீதும், பாதசாரிக் கடவையிலும், ஒருவருடைய கேட்டின் முன்னாலும் நிறுத்தக் கூடாது. முட்டு ஒழுங்கைக்குள் நுழைவதாயின் அங்கே குடியிருப்பவரிடம் கேட்டுவிட்டு நிறுத்த வேண்டும். அவர் வேண்டாம் என்றால் முகம் கோணாமல் திரும்பிவிட வேண்டும். தானும் இல்லாமல் வாகனமும் இல்லாமல், கல்லையும் கதிரையையும் வைத்து நண்பனுக்காக வீதியில் இடம் பிடிப்பதும் முறையன்று. பொது இடத்தில் முந்தி வந்தவருக்கே உரிமை.

ஒன்றை நினைவில் வையுங்கள். அடைபட்ட கேட்டுக்குப் பின்னால் இருக்கும் வீட்டில் யார் இருக்கிறார்கள் என்பது நமக்குத் தெரியாது. நெஞ்சு வலி வந்த ஒரு முதியவர் இருக்கலாம். பிரசவ வேதனையில் ஒரு தாய் இருக்கலாம். 1990 என்ற இலக்கத்துக்கு அழைத்தால் சுவசெரிய அம்பியுலன்ஸ் விரைந்து வரும். ஆனால் ஒழுங்கையின் வாயிலில் நமது வேன் நிற்குமானால் அது எப்படி உள்ளே போகும்? அந்த வீட்டார் முஸ்லிம் அல்லாதவராயின் பொறுப்பு இன்னும் கூடுகிறது. பின் கண்ணாடியில் "பிஸ்மில்லாஹ்" என்று ஒட்டிய வாகனம் தமது வாசலை அடைத்து நிற்பதை அவர்கள் பார்க்கிறார்கள். இஸ்லாத்தைப் பற்றி நாம் எழுதும் பிரசுரங்களை அவர்கள் வாசிப்பதில்லை, இதைத்தான் வாசிக்கிறார்கள்.

கொழும்பு ஆட்டத்துக்கு

ரோயல் கல்லூரியின் விளையாட்டுத் தொகுதி கொழும்பு 7இல் இருக்கிறது. பல்கலைக்கழகம், பாடசாலைகள், பழைய குதிரைப் பந்தயத் திடல், சுதந்திர சதுக்கம் எல்லாம் அடுத்தடுத்து அமைந்த பகுதி. சாதாரண நாளில் பாடசாலை விடும் நேரத்திலேயே அங்கு வாகனங்கள் ஊர்ந்து செல்லும். போட்டி நாளில் கேட்கவே வேண்டாம்.

கொழும்பிலும் அதன் அயலிலும் இருப்பவர்கள் வாகனத்தை வீட்டிலேயே விட்டுச் செல்வது சிறந்தது. கரையோரப் பாதையில் வருபவர்கள் கொள்ளுப்பிட்டியிலோ பம்பலப்பிட்டியிலோ புகையிரதத்தை விட்டு இறங்கி நடக்கலாம். அல்லது முச்சக்கர வண்டி பிடிக்கலாம். மஹரகம, நுகேகொடை பக்கமிருந்து வருபவர்களுக்கு 138ஆம் இலக்க பஸ் தும்முல்லை வழியாகப் போகிறது. காலி வீதியில் 100ஆம் இலக்க பஸ்கள் அடிக்கடி உண்டு.

தூர ஊர்களிலிருந்து வருபவர்கள் ஆளுக்கொரு காரில் வராமல் ஒரே வேனில் சேர்ந்து வரட்டும். பத்துப் பேர் ஒரு வேனில் வந்தால் வீதியில் பல கார்களின் இடம் மிஞ்சுகிறது, எரிபொருளும் மிஞ்சுகிறது. வேன் பிள்ளைகளையும் முதியோரையும் வாயிலருகே இறக்கிவிட்டு, கட்டணம் செலுத்தும் வாகனத் தரிப்பிடத்திலோ சற்றுத் தூரத்திலோ நிற்கட்டும். சாரதியின் தொலைபேசி இலக்கத்தை முன் கண்ணாடியில் எழுதி வைப்பது நல்ல பழக்கம். இடைஞ்சல் என்றால் ஒரு அழைப்பில் அகற்றிவிடலாம். தரிப்பிடக் கட்டணத்தைத் தப்பிக்க எண்ணிச் சிலர் அரை மணி நேரம் சுற்றுகிறார்கள். அந்தச் சுற்றில் எரியும் எண்ணெயும் வீண் விரயந்தானே!

கண்டி ஆட்டத்துக்கு

கண்டியின் சங்கடம் வேறு விதம். நகரத்தின் மூன்று பக்கங்களில் மகாவலி கங்கை வளைந்து ஓடுகிறது. நடுவில் மலையும் வாவியும். வீதிகளை விரும்பியபடி அகலமாக்க இடமில்லை. பேராதனை, கட்டுகஸ்தோட்டை, தென்னக்கும்புர ஆகிய பாலங்களை அடுத்து வாகனங்கள் குவிகின்றன. டிரினிட்டியின் றகர் மைதானம் நகரத்திலிருந்து திகன செல்லும் பக்கத்தில் பல்லேகலையில் இருக்கிறது. ஆகவே கொழும்பிலிருந்து போகிறவர் பேராதனையைத் தாண்டியதும் வந்துவிட்டோம் என்று எண்ணக் கூடாது. நகர நெரிசலையும் தென்னக்கும்புரப் பாலத்தையும் கடந்தாக வேண்டும்.

கொழும்பிலிருந்து கண்டி ஏறத்தாழ 115 கிலோமீற்றர். ஆட்ட நேரத்தை மட்டும் பார்த்துக் கணக்கிட்டுப் புறப்படுகிறவர் கடுகண்ணாவை ஏற்றத்தில் பொறுமையிழந்து வளைவில் முந்தப் பார்க்கிறார். சுபஹ் தொழுதுவிட்டுப் புறப்பட்டால் இந்த அவசரம் இல்லை. 2025 நவம்பர் இறுதியில் வந்த டித்வா புயலில் மலையகத்தின் புகையிரதப் பாதைகளும் வீதிகளும் பலத்த சேதமடைந்தன. எனவே புகையிரதத்தை நம்பிப் போகிறவர்கள் அது கண்டிவரை ஓடுகிறதா என்பதை விசாரித்துக்கொண்டே திட்டமிட வேண்டும். கண்டி நகரிலிருந்து திகன, தெல்தெனிய செல்லும் பஸ்களில் பல்லேகலைக்குப் போகலாம். சொந்த வாகனத்தை நகர நெரிசலுக்குள் கொண்டுபோகாமல் இருப்பதற்கு இதுவே வழி.

இளைஞர்களுக்கும் அவர்களின் பெற்றோருக்கும் ஒரு வார்த்தை. வேனின் கூரையில் அமர்ந்தும், கதவில் தொங்கியும், புகையிரத மிதிபலகையில் நின்றும் கொடியசைத்துச் செல்வது வீரமல்ல. உங்களை நீங்களே அழிவில் போட்டுக்கொள்ளாதீர்கள் என்ற கருத்தில் குர்ஆன் (2:195) எச்சரிக்கிறது. வாகனத்தை ஒழுங்கு செய்து கொடுக்கும் வாப்பா, அதில் எத்தனை பேர் ஏறுகிறார்கள், யார் ஓட்டுகிறார் என்பதையும் பார்க்க வேண்டும். பணம் கொடுத்ததோடு அவருடைய பொறுப்பு முடிவதில்லை.

தொழுகை தவறாமலிருக்க

நமது நாட்டில் அஸர் வக்து பிற்பகல் 3 மணிக்கும் 4 மணிக்கும் இடையில் ஆரம்பிக்கிறது. மஃரிப் 6 மணி, 6.30 மணியளவில். பிற்பகல் ஆட்டம் பெரும்பாலும் அஸரை விழுங்கிவிடும். திரும்பும் நெரிசல் மஃரிபை விழுங்கிவிடும். ஆகவே வாகனத் தரிப்பிடம் தேடும்போதே பள்ளிவாசல் எங்கே என்றும் தேடிக்கொள்ளுங்கள். கொழும்பில் கொள்ளுப்பிட்டி, பம்பலப்பிட்டிப் பள்ளிவாசல்கள் அணித்தானவை. அஸரைத் தொழுதுவிட்டு மைதானத்துக்கு நடந்து போகலாம். கண்டிக்குப் போகும் பயணிகள் ஜம்உ, கஸ்ருச் சலுகைகளின் தூரத்தையும் நிபந்தனைகளையும் தமது ஊர் ஆலிமிடம் முன்கூட்டியே கேட்டுத் தெரிந்துகொள்ளட்டும். நெரிசலில் அகப்பட்ட பின் வேனுக்குள் விவாதிப்பதில் பயனில்லை.

திரும்பும்போது

வெற்றியோ தோல்வியோ, ஆட்டம் முடிந்ததும் எல்லாரும் ஒரே நேரத்தில் வெளியேற முண்டியடிக்கிறார்கள். ஹோர்ன் சத்தம் காதைப் பிளக்கிறது. மனித வரலாற்றின் மிகப் பெரிய கூட்டங்களில் ஒன்று அரபாவிலிருந்து கலைந்து செல்வது. அங்கே நபி (ஸல்) அவர்கள் தமக்குப் பின்னால் ஒட்டகங்களை அடித்து விரட்டும் சத்தத்தைக் கேட்டார்கள். அமைதியைக் கடைப்பிடியுங்கள், விரைந்தோடுவதில் நன்மை இல்லை என்ற கருத்தில் மக்களுக்குச் சைகை காட்டிக் கூறினார்கள். இது இப்னு அப்பாஸ் (ரழி) அவர்களின் அறிவிப்பு. நபியவர்கள் அன்று மிதமாகவே சென்றார்கள், இடைவெளி கிடைத்தபோது மட்டும் சற்று வேகமாகச் சென்றார்கள் என்பது உஸாமா (ரழி) அவர்களின் அறிவிப்பு. இரண்டும் புகாரியில் உள்ளன.

நெரிசலில் வாகனம் ஓட்டும் முறையை இதைவிடச் சுருக்கமாக யாரால் கற்பிக்க முடியும்? ஹஜ்ஜிலேயே அவசரத்துக்கு இடமில்லை. றகர் முடிந்து வீடு திரும்புவதற்கா இடமிருக்கப் போகிறது? அரை மணி நேரம் மைதானத்திலேயே அமர்ந்திருங்கள். பிள்ளைகளுக்குத் தேநீர் வாங்கிக் கொடுங்கள். மஃரிபைத் தொழுதுவிட்டுப் புறப்படுங்கள். கூட்டமும் குறைந்திருக்கும்.

நமது பள்ளிவாசல் வாசலிலும்

இதெல்லாம் போட்டி ரசிகர்களுக்குத்தானே என்று ஒதுங்கிவிட முடியாது. போட்டி வருடத்துக்கு இரண்டு முறை வருகிறது. ஜும்ஆ வாரந்தோறும் வருகிறது. குத்பா ஆரம்பித்த பின் ஓடி வந்து, வீதியில் இரண்டாம் வரிசையில் மோட்டார் சைக்கிளையும் காரையும் விட்டுவிட்டு முதல் ஸப்புக்கு ஆசைப்படுகிறவர்களும் நம்மிடையே இருக்கிறார்கள். வெளியே பஸ் வண்டி நகர முடியாமல் நிற்கிறது. உள்ளே நாம் ஸப்பைச் சீர் செய்கிறோம். நிர்வாகிகள் ஓரிரு தொண்டர்களை நிறுத்தி வாகனங்களை ஒழுங்குபடுத்தினால் அதுவும் ஸதகாதான். அதனினும் நல்லது, பக்கத்துத் தெருக்காரர்கள் நடந்தே வருவது. பள்ளிக்கு எடுத்து வைக்கும் ஒவ்வோர் அடிக்கும் நன்மை உண்டு என்று ஓதியிருக்கிறோமே!

றஹ்மானின் அடியார்கள் பூமியில் பணிவோடு நடப்பவர்கள் என்று அல்லாஹுத் தஆலா ஸூரத்துல் புர்கானில் (25:63) வர்ணிக்கிறான். அந்த நடையில் நாம் ஓட்டும் வாகனமும் அடக்கம்; அதை நிறுத்தும் இடமும் அடக்கம். நம் கையாலும் நாவாலும் நம் வாகனத்தாலும் பிறர் தொல்லையுறாத நல்லடியார்களாக நம்மையும் நமது சந்ததிகளையும் அல்லாஹ் ஆக்கியருள்வானாக! ஆமீன்.