உங்களுக்குத் தெரியுமா? ‘தொடரும்’ போட்ட விளையாட்டுக் கம்பெனி

ராஜபாளையத்திலிருந்து மேற்கே போய், ஆறாவது மைல் நீர்த்தேக்கத்தையும் தாண்டி மலையடிவாரத்துக்கு வந்தால் அய்யனார் கோவில். ஆற்றில் தண்ணீர் வரத்து நன்றாக இருந்த ஒரு ஞாயிற்றுக்கிழமை, குளித்து முடித்துப் பாறையில் உட்கார்ந்திருந்தோம். அக்கா மகன் மட்டும் தலையைக்கூடத் துவட்டாமல் போனை எடுத்துவிட்டான். “மாமா, இந்த கேம் முதல்ல வந்தப்போ பாகம் பாகமாத்தான் விட்டாங்களாம். ஒரு பாகம் முடிச்சிட்டு அடுத்ததுக்கு ரெண்டு மாசம் காத்துக் கிடந்தாங்களாம். விளையாட்டுக்கு யாராவது ‘தொடரும்’ போடுவாங்களா?”

போட்டார்கள். அதையே பெரிதும் நம்பி ஒரு கம்பெனி பதினான்கு வருடம் பிழைப்பும் நடத்தியது.

★

அந்தக் கம்பெனியின் பெயர் டெல்டேல் கேம்ஸ். ‘கோள்சொல்லி’ என்று தமிழாக்கினால் பெரிய தப்பில்லை. கலிபோர்னியாவில் சான் ரஃபேல் என்ற ஊரில் 2004-ல் தொடங்கியது. கெவின் புரூனர், டான் கானர்ஸ், டிராய் மொலாண்டர் என்ற நிறுவனர்கள் மூவரும் லூகாஸ்ஆர்ட்ஸில் வேலை பார்த்தவர்கள். ‘ஸ்டார் வார்ஸ்’ எடுத்த ஜார்ஜ் லூகாஸின் விளையாட்டுப் பிரிவு அது. அங்கே தயாராகிக்கொண்டிருந்த ‘சாம் அண்ட் மேக்ஸ்’ என்ற துப்பறியும் விளையாட்டை 2004 மார்ச்சில் நிர்வாகம் பாதியிலேயே கைவிட்டது. சாகசக் கதை விளையாட்டுகளுக்கு இனி சந்தை இல்லை என்பது அன்றைய பேச்சு. சந்தை இருக்கிறது என்று நம்பியவர்கள் வெளியே வந்து தனிக் கடை போட்டார்கள்.

★

கதை சொல்லப் பிறந்த அந்தக் கம்பெனி முதலில் விற்றது ஒரு சீட்டாட்ட விளையாட்டு! 2005-ல் வந்த ‘டெக்ஸாஸ் ஹோல்டெம்’. கையிலிருந்த மென்பொருள் ஓடுகிறதா என்று பார்க்க அது ஒரு வெள்ளோட்டம். அதே வருடம் ஜெஃப் ஸ்மித்தின் ‘போன்’ காமிக்ஸை எடுத்துக்கொண்டு கதைக்குள் இறங்கினார்கள். இரண்டு பாகம் வந்தது. மூன்றாவது வரவே இல்லை.

★

லூகாஸ்ஆர்ட்ஸ் கைவிட்ட அந்த ‘சாம் அண்ட் மேக்ஸ்’ என்ன ஆயிற்று? ஸ்டீவ் பர்செல் 1987-லிருந்து வரைந்துவந்த காமிக்ஸ் நாயகர்கள் அவர்கள். சாம் ஒரு நாய், மேக்ஸ் முயல் மாதிரி ஒன்று. அவர்களை வைத்து விளையாட்டு தயாரிக்கும் உரிமை டெல்டேலுக்கு வந்தது. 2006 அக்டோபர் முதல் 2007 ஏப்ரல் வரை ஆறு பாகங்கள், ஏறக்குறைய மாதம் ஒன்றாக, சொன்னபடி வெளியிட்டார்கள்.

‘சொன்னபடி’ என்பதுதான் இங்கே செய்தி. அந்தச் சமயத்தில் இதை முயன்ற பெரிய தலைகளே தடுமாறின. வால்வ் நிறுவனத்தின் ‘ஹாஃப்-லைஃப் 2’ தொடரில் முதல் பாகம் 2006-ல் வந்தது, இரண்டாவது 2007-ல். மூன்றாவதை ரசிகர்கள் கேட்டுக் கேட்டு ஓய்ந்துபோனார்கள். ‘சின் எபிசோட்ஸ்’ என்று ஒன்று முதல் பாகத்தோடு நின்றது.

★

மாதம் ஒன்று எப்படி முடிந்தது? நம் மெகா சீரியல் தயாரிப்பாளர்களைக் கேட்டால் உடனே சொல்லிவிடுவார்கள். ஒரே வீடு, ஒரே கூடம், ஒரே மாடிப்படி. சாமும் மேக்ஸும் எந்த வழக்கைப் பிடித்தாலும் அதே ஆபீசிலிருந்து கிளம்பி அதே தெருவில்தான் இறங்குவார்கள். ஒருமுறை செய்த ஆளையும் அறையையும் திரும்பத் திரும்பப் பயன்படுத்த, ‘டெல்டேல் டூல்’ என்ற சொந்த மென்பொருளே வைத்திருந்தார்கள். குறுந்தகடு, கடை, அட்டைப்பெட்டி எதுவும் கட்டாயமில்லை. இணையத்தில் இறக்கிக்கொண்டால் போதும்.

அந்த டூல்தான் பின்னாளில் கழுத்தைப் பிடித்தது. அதற்கு வருகிறேன்.

★

டெல்டேல் பட்டியலின் நடுப்பகுதியை வேகமாகக் கடந்துவிடலாம். ‘ஸ்ட்ராங் பேட்’ (2008, ஐந்து பாகம்). களிமண் பொம்மைப் படங்களால் புகழ்பெற்ற ‘வாலஸ் அண்ட் குரோமிட்’ (2009, நான்கு பாகம்). ‘டேல்ஸ் ஆஃப் மங்கி ஐலண்ட்’ (2009, ஐந்து பாகம்). டிசம்பர் 2010-ல் தொடங்கிய ‘பேக் டு த ஃப்யூச்சர்’, அதில் டாக் பிரவுனுக்கு சினிமாவில் நடித்த கிறிஸ்டோஃபர் லாய்டே குரல் கொடுத்தார். 2011-ல் ‘ஜுராசிக் பார்க்’. டைனோசரையே இறக்கியும் பெரிதாக எடுபடவில்லை.

★

அடுத்த வருடம் வந்த பிணங்கள்தான் காப்பாற்றின. ராபர்ட் கர்க்மன் 2003-லிருந்து எழுதிவந்த கறுப்பு வெள்ளை காமிக்ஸ் ‘த வாக்கிங் டெட்’. செத்தவர்கள் எழுந்து நடக்கும் உலகம். டெல்டேல் அதை ஐந்து பாகமாக, 2012 ஏப்ரலிலிருந்து நவம்பர் வரை விட்டது. சிறைக்குப் போய்க்கொண்டிருந்த லீ எவரெட் என்ற முன்னாள் பேராசிரியர், தாய் தகப்பனை எதிர்பார்த்து மரவீட்டில் ஒளிந்திருக்கும் எட்டு வயது க்ளெமென்டைன், இவர்கள் இருவரையும் சுற்றித்தான் கதை.

சுடுவது குறைவு, பேசுவது அதிகம். ஒருவர் உங்களிடம் ஏதோ கேட்பார். திரையில் நான்கு பதில்கள் வரும், கீழே நேரம் ஓடும். யோசித்துக்கொண்டே இருந்தால் நேரம் முடிந்து, உங்கள் மௌனத்தையே பதிலாக எடுத்துக்கொள்வார்கள். நீங்கள் பொய் சொன்னால் திரையின் மூலையில் ‘க்ளெமென்டைன் இதை ஞாபகம் வைத்துக்கொள்வாள்’ என்ற பொருளில் ஒரு வரி தோன்றும். துப்பாக்கிக்குப் பயப்படாத ஆட்கள் இந்த ஒரு வரிக்குப் பயந்தார்கள். 2013 தொடக்கத்துக்குள் 85 லட்சம் பாகங்கள் விற்றதாகவும், சுமார் 4 கோடி டாலர் வந்ததாகவும் கணக்குச் சொன்னார்கள். அந்த வருடத்தின் சிறந்த விளையாட்டு என்று பல இடங்களில் விருது வேறு.

★

அத்தனை பதில்களுக்கும் அத்தனை கதையா? அதெப்படிக் கட்டும்! ஐந்து இடத்தில் இரண்டிரண்டாகப் பிரிந்தாலே முப்பத்திரண்டு முடிவுகள் வேண்டும். ஆகவே ஒரு தந்திரம். அய்யனார் கோவில் ஆற்றில் நடுப்பாறையைப் பாருங்கள். தண்ணீர் இரண்டு பக்கமும் பிரிந்து சத்தம் போட்டுக்கொண்டு இறங்கும், கீழே ஒரே கசத்தில் சேர்ந்துவிடும். டெல்டேல் கதைகளும் அப்படித்தான். யாரைக் காப்பாற்றுவது என்று உங்களை வியர்க்க வைப்பார்கள். நீங்கள் காப்பாற்றியவர் அடுத்த பாகத்திலோ அதற்கடுத்த பாகத்திலோ வேறு காரணத்தால் போய்ச் சேருவார். இதை ஏமாற்று என்று திட்டியவர்கள் உண்டு. எனக்கு அப்படித் தோன்றவில்லை. போகிற வழியில் பட்ட பாடு பொய்யில்லையே.

★

‘போன்’, ‘சாம் அண்ட் மேக்ஸ்’, ‘வாக்கிங் டெட்’, 2013-ல் ‘ஃபேபிள்ஸ்’ காமிக்ஸிலிருந்து எடுத்த ‘த வுல்ஃப் அமங் அஸ்’, 2016-ல் ‘பேட்மேன்’. டெல்டேல் பேர் வாங்கியதில் பெரும்பகுதி காமிக்ஸ்காரர்களிடம் உரிமை பெற்ற கதைகள். இரவல் நாயகர்களை வைத்துத் தவணை முறையில் சாகசம் விற்பது என்றால், இந்தப் பக்கத்து ஆட்களுக்கு உடனே ஞாபகம் வரும் ஊர் ஒன்று உண்டு. ஸ்ரீவில்லிபுத்தூரிலிருந்து கிழக்கே இருபது கிலோமீட்டர் சுமாரில், சிவகாசி.

★

முத்து காமிக்ஸ் 1972-ல் சௌந்திரபாண்டியன் தொடங்கியது. முதல் இதழ் ‘இரும்புக்கை மாயாவி’. அந்த மாயாவி, ‘வேலியன்ட்’ என்ற லண்டன் வார இதழில் 1962-லிருந்து வந்த லூயிஸ் கிராண்டெல். வரைந்தவர் ஜெசுஸ் பிளாஸ்கோ என்ற ஸ்பானியர். விபத்தில் கை போய் இரும்புக்கை பொருத்திக்கொண்டவன். மின்சாரம் பாய்ந்தால் உடம்பு மறைந்து கை மட்டும் தெரியும். என் தலைமுறையில் பிளக் பாயிண்டைப் பார்த்து ஒரு நிமிடமாவது யோசிக்காத பையன் குறைவு. (இதைப் படிக்கும் பிள்ளைகளே, வேண்டாம்.)

லயன் காமிக்ஸ் 1984-ல் வந்தது, சௌந்திரபாண்டியனின் மகன் விஜயன் பொறுப்பில். முதல் இதழின் நாயகி மாடஸ்டி பிளைசி. பிறகு வந்தவன் ஸ்பைடர். குற்றச் சக்கரவர்த்தி என்று பீற்றிக்கொள்ளும் அந்த ஸ்பைடருக்குக் கதை எழுதியவர்களில் ஒருவர் ஜெர்ரி சீகல். சூப்பர்மேனை உருவாக்கிய இருவரில் ஒருவர் அவர்தான். சூப்பர்மேனின் தகப்பன் எழுதிய வில்லனை விருதுநகர் மாவட்டத்துப் பையன்கள் கோடைமலரிலும் தீபாவளி மலரிலும் தேடித் தேடிப் படித்தார்கள் என்பது அவருக்குத் தெரிந்திருக்குமோ என்னவோ!

★

லயனில் பாகம் பாகமாக வந்து தமிழ் வாசகர்களை வருடக்கணக்கில் காக்க வைத்த கதை ‘இரத்தப் படலம்’. மூலம், வான் ஹாமும் வில்லியம் வான்ஸும் 1984-ல் தொடங்கிய பெல்ஜிய காமிக்ஸ் ‘பதின்மூன்று’. நினைவிழந்து கடற்கரையில் ஒதுங்கிய ஒருவன், தான் யார் என்று தேடி அலைவது. அந்தத் தேடல் முடிய மூல மொழியிலேயே 2007 ஆகிவிட்டது.

இதே கதையை யுபிசாஃப்ட் 2003-ல் விளையாட்டாக்கியது. சுட்டால் காமிக்ஸ் போலவே எழுத்தில் சத்தம் தெறிக்கும். கடைசிக் காட்சியில் ‘தொடரும்’ என்று போட்டார்கள். தொடரவில்லை.

★

தொடர்கதையில் காக்க வைப்பது நமக்கொன்றும் புதிதில்லை. கல்கி ‘பொன்னியின் செல்வ’னை 1950-லிருந்து 1954 வரை வாரா வாரம் எழுதினார். ஏறக்குறைய மூன்றரை வருடம் ஒரு வாசகர் கூட்டத்தையே வாசலில் உட்கார வைத்த மனிதர்.

★

டெல்டேல் ஏன் சாய்ந்தது? ஒரு வெற்றி கிடைத்ததும் அதே அச்சில் எல்லாவற்றையும் வார்த்தார்கள். ‘கேம் ஆஃப் த்ரோன்ஸ்’, ‘பார்டர்லேண்ட்ஸ்’, ‘மைன்கிராஃப்ட்’, ‘பேட்மேன்’, ‘கார்டியன்ஸ் ஆஃப் த கேலக்ஸி’ என்று ஒரு தொடர் முடியுமுன் அடுத்தது. ஊர்ப்பக்கம் ஒரே சமயத்தில் நாலு கல்யாணத்துக்குச் சமையல் ஒத்துக்கொண்ட தவசிப்பிள்ளை மாதிரி. பழைய டூல் தள்ளாடியது, ஆட்கள் ராத்திரி பகலாக உழைத்தார்கள், ‘மைன்கிராஃப்ட்’ தவிர மற்றவை ‘வாக்கிங் டெட்’ அளவுக்கு விற்கவில்லை. 2017 நவம்பரில் 90 பேரை அனுப்பினார்கள், ஊழியரில் கால்வாசி.

2018 செப்டம்பர் 21, வெள்ளிக்கிழமை. எதிர்பார்த்த முதலீடு கைநழுவ, இருநூறுக்கும் மேற்பட்டோர் ஒரே நாளில் வெளியே. ஈட்டுத்தொகை இல்லை. மிச்சம் 25 பேர். க்ளெமென்டைனின் கடைசித் தொடரில் நான்கு பாகங்கள் வரவேண்டும், அதுவரை ஒன்றுதான் வந்திருந்தது. இரண்டாவது பாகம் செப்டம்பர் 25 அன்று வெளியானது, செய்தவர்கள் வேலையிழந்து நான்கு நாள் கழித்து! நான்கு பாகத்துக்கும் முன்பணம் கட்டியவர்கள் கொதித்தார்கள்.

கர்க்மனின் ஸ்கைபவுண்ட் நிறுவனம் முன்வந்து, பழைய குழுவில் கிடைத்தவர்களைத் திரும்பக் கூட்டி, மீதி இரண்டு பாகத்தையும் 2019 மார்ச்சுக்குள் முடித்துக்கொடுத்தது. பந்தி பாதியில் இருக்கும்போது சமையல்காரர் கிளம்பிவிட, பக்கத்து வீட்டார் வந்து பாயசம்வரை பரிமாறிய கதை.

★

கம்பெனி போனதும் சில விளையாட்டுகளும் போயின. ‘மைன்கிராஃப்ட்: ஸ்டோரி மோட்’ காசு கொடுத்து வாங்கியவர்களிடம், 2019 ஜூன் 25-க்குள் இறக்கி வைத்துக்கொள்ளுங்கள், அப்புறம் கிடைக்காது என்றார்கள். எங்கள் வீட்டு மச்சில் தகரப்பெட்டிக்குள் கிடக்கும் மாயாவிக்கு அந்தக் கெடு இல்லை. கரையான் கெடு மட்டும்தான்.

★

டெல்டேல் என்ற பெயர்ப்பலகையை 2019-ல் வேறு ஆட்கள் வாங்கி மாட்டினார்கள். 2023-ல் ‘தி எக்ஸ்பான்ஸ்’ என்ற விண்வெளிக் கதையைத் தவணைகளாகவே விட்டார்கள், டெக் நைன் என்ற கம்பெனியோடு சேர்ந்து. ‘சாம் அண்ட் மேக்ஸ்’ இன்னொரு திசையில் போனது. பழைய டெல்டேல்காரர்கள் சிலர் ஸ்கங்கேப் என்று சின்னக் கம்பெனி வைத்து, 2020-லிருந்து 2024 வரை அந்தப் பாகங்களைப் பட்டி பார்த்து மறுபடி விட்டார்கள். நாயும் முயலும் இரண்டு கம்பெனிகளைப் பார்த்துவிட்டு மூன்றாவது வாசலில் நிற்கின்றன.

★

தமிழில் இப்படிக் கதை விளையாட்டு உண்டா என்று அக்கா மகன் கேட்டான். உண்டு. பெயர் ‘வெண்பா’. டொரண்டோவில் உள்ள விசை கேம்ஸ் என்ற சிறு குழு 2023 ஜூலை 31-ல் வெளியிட்டது. 1988-ல் கனடா போன தமிழ்த் தம்பதி, அவர்களுக்குப் பிறக்கும் கவின், தமிழ் தெரிந்தும் தெரியாமலும் வளரும் அவனுடைய சங்கடம், இதுதான் கதை. ஜாம்பி இல்லை, துப்பாக்கி இல்லை. அம்மா கொடுத்த சமையல் நோட்டு கிழிந்தும் அழிந்தும் கிடக்கும். அழிந்த வரி என்னவாக இருக்கும் என்று ஊகித்து இட்லி, புட்டு, பிரியாணி என்று செய்யவேண்டும். 2024-ல் பாஃப்டாவின் சிறந்த முதல் விளையாட்டு விருது அதற்குக் கிடைத்தது. அதே வருடம் சுயாதீன விளையாட்டு விழாவின் பெரிய பரிசும். காத்திருப்பெல்லாம் வேண்டாம், ஒரே மூச்சில் ஒரு சாயங்காலத்தில் முடித்துவிடலாம்.

வீட்டுக்கு வந்து லேப்டாப்பில் போட்டோம். முதல் அத்தியாயமே இட்லி. தட்டுகளை எந்த வரிசையில் அடுக்குவது என்பதுதான் புதிர். அவன் மாற்றி மாற்றி அடுக்கிப் பார்த்தான், நானும் வாயில் வந்ததைச் சொன்னேன். சரிப்படவில்லை. ஈரத்துணிகளைக் கொடியில் போட்டுவிட்டு வந்த அக்கா, எங்கள் தோளுக்கு மேலே எட்டிப் பார்த்தாள்.

“குழிக்கு மேல குழி வந்தா ஆவி எப்படிடா ஏறும்? நடுத்தட்டைத் திருப்பி வை.”

திருப்பினான். வெந்தது.