திரை இருளாமல் காப்போம்



குற்றாலத்தில் சாரல் காலம் வந்துவிட்டால் நம் ஊர்களில் உற்சாகத்திற்குக் குறைவிராது. ஆனால் பேரருவியில் பாதுகாப்பு வளைவையும் தாண்டி வெள்ளம் கொட்டுமானால், குளிக்கத் தடை விதித்துவிடுவார்கள். ‘ஆழம் தெரியாமல் காலை விடாதே’ என்னும் பழமொழி அருவிக்கு மட்டுமன்று, நம் வீட்டுக் கணிப்பொறிக்கும் பொருந்தும். ‘கிராபிக்ஸ் டிரைவரைப் புதுப்பிக்கவும்’ என்று ஓர் அறிவிப்பு திரையில் தோன்றியதும், யோசியாமல் பொத்தானை அழுத்திவிடுவோர் பலர். அதனால் திரை இருண்டுவிட்டால் அண்ணனின் கல்லூரிப் பாடமும் அப்பாவின் கடைக் கணக்கும் ஒருசேர நின்றுவிடும். பெரும்பாலான வீடுகளில் இருப்பது ஒரே கணிப்பொறிதானே! ஆகவே அதனைப் பாதுகாப்பாகப் புதுப்பிக்கும் முறையை இங்குக் காண்போம்.

டிரைவர் என்பது யாது?

எழுத்துகளையும் படங்களையும் திரையில் தெரியுமாறு ஆக்கித் தரும் உறுப்பே கிராபிக்ஸ் கார்டு. சில கணிப்பொறிகளில் இது தனி அட்டையாக இருக்கும். பல மடிக்கணினிகளில் பிராசஸருக்குள்ளேயே அடங்கியிருக்கும். டிரைவர் என்றதும் பேருந்து ஓட்டுநர் நம் நினைவுக்கு வருவார். இந்த டிரைவரோ மொழிபெயர்ப்பாளரைப் போன்றது. விண்டோஸ் சொல்வதை கார்டுக்குப் புரியும்படி எடுத்துச் சொல்லும் மென்பொருள் இது. மொழிபெயர்ப்பாளர் தவறாகச் சொன்னால், கேட்பவர் தவறாகத்தானே செய்வார்? படம் நடுங்குவதும் திரை கறுத்துப்போவதும் இப்படித்தான் நேர்கின்றன.

புதியதெல்லாம் நல்லதா?

நம் மத்தளம்பாறையில் 2011 முதல் சோஹோ நிறுவனம் மென்பொருள் ஆக்கி வருவதை நாம் அறிவோம். எந்த மென்பொருளானாலும் அதை எழுதுவோர் மனிதரே. ஆகவே பிழைகள் நேரும். அவற்றைத் திருத்தப் புதிய பதிப்புகளும் வரும். ஆனால் சில வேளைகளில் திருத்தமே புதிய பிழையைக் கொண்டுவந்துவிடும். 2010 மார்ச் மாதம் என்விடியா நிறுவனம் 196.75 என்னும் டிரைவரை வெளியிட்டது. அதை நிறுவிய சில கணிப்பொறிகளில் கார்டைக் குளிர்விக்கும் விசிறி சரியாகச் சுழலாமல் சூடு ஏறுவதாகப் புகார்கள் எழுந்தன. நிறுவனம் அதனைத் திரும்பப் பெற்றுக்கொண்டு, முந்தைய பதிப்புக்கே திரும்புமாறு அறிவுறுத்தியது.

அப்படியானால் புதுப்பிக்காமலே இருந்துவிடலாமா? அதுவும் சரியன்று. 2024 அக்டோபரில் அதே நிறுவனம், தன் டிரைவர்களில் இருந்த பாதுகாப்புக் குறைகளை நீக்கிப் புதிய பதிப்பை வெளியிட்டது. அத்தகைய குறைகளை அடைக்காமல் விட்டால், தீயவர்கள் அவ்வழியே நுழையக்கூடும். எனவே பாதுகாப்புத் திருத்தம் வரும்போதும், திரையில் கோளாறு தோன்றும்போதும், புதிய மென்பொருளுக்குத் தேவைப்படும்போதும் புதுப்பிக்கலாம். காரணமில்லாமல் அடிக்கடி மாற்ற வேண்டுவதில்லை.

செய்யும் முறை

1. பெயரை அறிதல்: ஸ்டார்ட் பொத்தானின்மேல் மவுஸின் வலப்பக்கத்தை அழுத்தி, ‘டிவைஸ் மேனேஜர்’ என்பதைத் திறக்க வேண்டும். அதில் ‘டிஸ்ப்ளே அடாப்டர்ஸ்’ என்னும் தலைப்பின்கீழ் கார்டின் பெயர் இருக்கும். அதைக் குறித்துக்கொள்ள வேண்டும்.

2. காப்பு எடுத்தல்: முக்கியமான கோப்புகளைப் பென்டிரைவில் படியெடுக்க வேண்டும். பின்பு ‘ரீஸ்டோர் பாயிண்ட்’ ஒன்றை உருவாக்க வேண்டும். பிழை நேர்ந்தால் கணிப்பொறியைப் பழைய நிலைக்குக் கொண்டுவர இது உதவும்.

3. சரியான இடத்தில் பெறுதல்: மடிக்கணினி எனில் அதைத் தயாரித்த நிறுவனத்தின் இணையதளத்தை முதலில் பார்க்க வேண்டும். தனி கார்டு எனில் இன்டெல், ஏ.எம்.டி., என்விடியா ஆகியவற்றுள் உரிய நிறுவனத்தின் தளத்தில் பெறலாம். விண்டோஸ் அப்டேட் வழியாகவும் டிரைவர்கள் வரும். ‘உங்கள் டிரைவர் பழையது, உடனே அழுத்துங்கள்’ என்று கண்ட தளங்களில் மின்னும் விளம்பரங்களை நம்பலாகாது. டிரைவர் என்னும் பெயரில் கடவுச்சொல்லைத் திருடும் நிரல்களும் உலவுகின்றன. அம்மாவின் வங்கிக் கணக்கைத் திறக்கும் கணிப்பொறியும் அதுவே என்பதை மறந்துவிடக் கூடாது.

4. மின்சாரத்தைக் கவனித்தல்: மேலைக்காற்று வீசும் நாள்களில் மின்சாரம் எப்போது போகும் என்று சொல்ல முடியாது. மடிக்கணினியின் பாட்டரியை நிரப்பி, சார்ஜரிலும் இணைத்தபின் தொடங்குக. மேசைக் கணிப்பொறிக்கு யு.பி.எஸ். இருத்தல் நலம். இடையில் சில நொடிகள் திரை கறுத்து மீளும், அது இயல்பே. அஞ்சி அணைத்துவிடக் கூடாது.

திரும்பி வரும் வழி

புதுப்பித்தபின் கோளாறு தெரிந்தால், டிவைஸ் மேனேஜரில் கார்டின் ‘ப்ராபர்டீஸ்’ பகுதியைத் திறந்து, ‘டிரைவர்’ என்னும் தாளில் ‘ரோல் பேக் டிரைவர்’ என்பதை அழுத்தினால் முந்தைய டிரைவர் திரும்பிவிடும். திரை திடீரென உறைந்துவிட்டால் விண்டோஸ், கன்ட்ரோல், ஷிஃப்ட், பி ஆகிய நான்கு விசைகளையும் ஒன்றாக அழுத்திப் பார்க்கலாம். டிரைவர் மறுபடி தொடங்கும். அதற்கும் சரியாகாவிடில் ‘சேஃப் மோட்’ உண்டு. அதில் விண்டோஸ் மிக எளிய டிரைவரைக் கொண்டே திரையைக் காட்டும். அங்கிருந்து பிழையான டிரைவரை நீக்கிவிடலாம்.

இவ்வழிகளை முன்கூட்டியே ஒரு தாளில் எழுதி மேசையில் வைத்துக்கொள்வது மிகவும் அவசியம். திரை இருண்டபின் அத்திரையிலேயே வழியைப் படிக்க இயலாது அல்லவா?

தோழியரே! ‘பதறாத காரியம் சிதறாது’ என்பார்கள் நம் பெரியோர். புதுப்பிக்கக் காரணம் உண்டா, டிரைவர் வந்த இடம் சரியா, திரும்பி வர வழி உண்டா என்னும் மூன்று வினாக்களுக்கும் விடை கண்டபின் பொத்தானை அழுத்துவோம். நம் வீட்டாருக்கும் இதனை எடுத்துச் சொல்வோம்.