தோடு எத்தனை கிராம்?

“ஏம்மா, காதுல கிடக்குதே, அது எத்தனை கிராம்?”

எதிர்த்தரப்பு வக்கீல் கேட்க, கூண்டில் நின்ற பெண்மணியின் கை தானாகக் காதுக்குப் போகிறது. “ரெண்டு கிராம்ங்க. எங்கம்மா போட்டிருந்தது.”

“சொத்துப் பட்டியல்ல இதை ஏன் காட்டலை?”

டெல்டா பக்கத்து நீதிமன்றம் ஒன்றில் நான் பார்த்த காட்சி இது. தையல் வேலை செய்து பிழைக்கும் அவர், அப்பா விட்டுப்போன வீட்டிலும் கடையிலும் தன் பங்கைக் கேட்டு அண்ணன்மேல் வழக்குப் போட வந்தவர். அந்த வழக்குக்கு இன்னும் நம்பரே விழவில்லை. அன்று நடந்தது அவர் ஏழைதானா என்கிற விசாரணை. நீதிமன்ற வளாகத்தில் இதற்குப் பெயர் ‘பாப்பர் ஓ.பி.’ உரிமையியல் விசாரணை முறைச் சட்டத்திலிருந்து ‘பாப்பர்’ என்ற சொல்லை 1976-லேயே எடுத்துவிட்டார்கள். குமாஸ்தாக்கள் வாயிலிருந்து எடுக்க முடியவில்லை.

அவர் பங்கின் மதிப்பு 20 லட்சம். தமிழ்நாட்டில் 2017-ல் நீதிமன்றக் கட்டணத்தை 7.5 சதவீதத்திலிருந்து 3 சதவீதமாகக் குறைத்தார்கள். பெரிய சலுகைதான், மறுக்கவில்லை. அப்படியும் 60,000 ரூபாய் கட்ட வேண்டும். இதில் ஒரு வினோதம் உண்டு. சொத்தைக் கூட்டாக அனுபவித்துக்கொண்டே பாகம் கேட்டால் சின்னதாக ஒரு நிலையான கட்டணத்தோடு போயிற்று. வெளியே தள்ளப்பட்டவர் கேட்டால்தான் பங்கின் சந்தை மதிப்புக்குச் சதவீதக் கணக்கு! அதனால்தான் வாசற்படி மிதித்து வருஷக்கணக்கான சகோதரிகள்கூடப் பிராதில் ‘கூட்டு அனுபவத்தில்’ இருக்கிறார்கள். இவருடைய வக்கீல் அப்படி எழுத ஒப்பவில்லை. உள்ளதை உள்ளபடி எழுதினார். அதற்கான விலைதான் இந்த மனு.

உரிமையியல் விசாரணை முறைச் சட்டத்தின் கட்டளை 33 சொல்வது எளிது. கட்டணம் கட்டப் போதிய வசதி இல்லாதவர், கட்டாமலே வழக்குத் தொடரலாம். வழக்குக்குரிய சொத்தையும், ஜப்தி செய்யக்கூடாத பொருள்களையும் வசதிக் கணக்கில் சேர்க்கக் கூடாது. சமையல் பாத்திரம், படுக்கை, கைத்தொழில் கருவி, மத வழக்கப்படி ஒரு பெண் கழற்றக்கூடாத நகை எல்லாம் ஜப்தியில் வராது. ஆகவே தாலி தப்பித்தது. தையல் மிஷினும் கைத்தொழில் கருவிதானே என்று இவருடைய வக்கீல் வாதாடிக்கொண்டிருந்தார். தோடு மாட்டிக்கொண்டது.

போதிய வசதி என்றால் என்ன? சட்டத்துக்கு உட்பட்ட வழிகளில், சாதாரணமாகப் பணம் புரட்டக்கூடிய திறன் என்று உச்ச நீதிமன்றம் 2011-ல் விளக்கியது. உற்றார் நண்பர் செய்யும் பண உதவியையும் அப்போது பார்க்க வேண்டிய அம்சங்களில் ஒன்றாகச் சேர்த்தது. உற்றாரோடுதான் இங்கே வழக்கே!

எனக்கு உறுத்துவது இதுதான். கட்டணம் அரசுக்குப் போகிற காசு. சிரஸ்தார் விசாரிக்கட்டும், அரசு வக்கீல் ஆட்சேபிக்கட்டும். அண்ணனுக்கு எதற்கு நோட்டீஸ்? சட்டம் அவரையும் கூப்பிட்டுத் தங்கையின் ஏழ்மையைக் குறுக்கு விசாரணை செய்ய விடுகிறது. அவருக்கு இதைவிட வசதியான வாய்தா எங்கே கிடைக்கும்? அனுமதி கொடுத்தால் உயர் நீதிமன்றத்துக்குச் சீராய்வு மனு. அதுவரை கடை வாடகை அவர் பையில். மனு போட்ட நாளே வழக்குப் போட்ட நாளாகக் கணக்கில் வரும் என்பதால் காலக்கெடு தங்கையைக் கைவிடாது. வயதுக்கு அப்படி ஒரு சட்டம் இல்லை.

கேள்வி கேட்காமல் அனுமதித்தால் வீம்பு வழக்குகள் குவியும் என்பார்கள். குவியலாம். ஆனால் இந்தச் சலுகை தள்ளுபடியே இல்லை, தவணைதான். ஜெயித்தால் கட்டணத்தை அரசு அந்தச் சொத்தின் மேலேயே முதல் பாத்தியமாக வசூலிக்கும். தோற்றாலும் கட்டச் சொல்லித்தான் உத்தரவு வரும். வீம்புக்காரர் இதற்காகவா தோட்டின் எடையைச் சொல்லிக்கொண்டு கூண்டில் நிற்பார்?

1987-ஆம் ஆண்டின் சட்டப் பணிகள் ஆணையச் சட்டப்படி, பெண் என்றாலே வருமான வரம்பு பார்க்காமல் இலவச சட்ட உதவி உண்டு; நீதிமன்றக் கட்டணமும் அதில் அடக்கம். அதே வளாகத்தில்தான் அந்த உதவிக்கான அலுவலகமும் இருக்கிறது. அவரிடம் யாரும் சொல்லவில்லை. நான் சொன்னபோது, “இத்தனை வாய்தா நடந்தப்புறம் சொல்றீங்களே” என்றார்.

பட்டியலைத் திருத்தித் தாக்கல் செய்யச் சொல்லி நீதிபதி வாய்தா போட்டார். வெளியே வேப்பமரத்தடியில் குமாஸ்தாவிடம் அவர் கேட்டது காதில் விழுந்தது. “இந்தத் தோட்டை வித்துக் கட்டிட்டா கேஸை எடுத்துக்குவாங்களாண்ணே?”

“அறுபதாயிரத்துக்கு இது எந்த மூலைக்கும்மா?” என்றபடி குமாஸ்தா பட்டியலில் ஒரு வரி சேர்த்தார்: ‘தோடு, ஒரு ஜோடி, 2 கிராம்.’