மேஜைக்கு அடியில் கேட்ட கதை!

இங்கிலாந்தில், மான்செஸ்டர் நகரை அடுத்த ஓர் ஊரில் ஒரு சிறுவன். பாட்டி வீட்டுக்குப் போனால், மேஜைக்கு அடியில் புகுந்து உட்கார்ந்து கொள்வான்.

அது இரண்டாவது உலகப்போர் நடந்த காலம். ஆண்கள் பலர் போருக்குப் போய்விட்டார்கள். வீட்டில் பெண்கள் ராஜ்யம். ஊர் வம்பு, சண்டை, சிரிப்பு, அழுகை எல்லாம் அவன் காதில் விழும். ஒரு வார்த்தையையும் அவன் மறக்கவில்லை.

அவன்தான் பின்னாளில் டெலிவிஷன் வசனகர்த்தா ஆன டோனி வாரன். பிறந்தது 1936-ல்.

அலமாரி மேல் ஏறினார்!

வாலிபனானதும் மான்செஸ்டரில் இருந்த கிரானடா டெலிவிஷன் கம்பெனியில் வேலை கிடைத்தது. பிகிள்ஸ் என்ற விமான வீரனின் சாகசக் கதைக்கு வசனம் எழுதச் சொன்னார்கள். வாரனுக்கு அது பிடிக்கவில்லை.

ஒரு நாள், தயாரிப்பாளர் ஹாரி எல்டனின் அறைக்குள் போனார். பைல்கள் வைக்கும் இரும்பு அலமாரி மேல் ஏறி உட்கார்ந்து கொண்டார். "எனக்குத் தெரிந்ததை எழுத விட்டால்தான் இறங்குவேன்" என்று அடம் பிடித்தார்.

எல்டன் ஒரு நாள் தவணை கொடுத்தார். மறுநாளே கதை வந்துவிட்டது. ஒரு தெரு, ஏழு வீடு, ஒரு மதுக்கடை. அவ்வளவுதான்! கதாநாயகன் கிடையாது. கொலை, கொள்ளை கிடையாது.

முதலாளிகள் முகம் சுளித்தார்கள். தொழிலாளர் வீட்டுப் பேச்சை யார் கேட்பார்கள் என்பது அவர்கள் எண்ணம்.

எல்டன் என்ன செய்தார் தெரியுமா? கம்பெனிக் கட்டிடத்தில் ஆங்காங்கே டெலிவிஷன் பெட்டிகளை வைத்தார். தரை துடைப்பவர், டைப் அடிப்பவர் என்று எல்லோருக்கும் நாடகத்தைப் போட்டுக் காட்டி, அபிப்பிராயம் கேட்டார். கெட்டிக்காரர்! பார்க்கப் போகிறவர்கள் அவர்கள்தானே?

நாடகத்துக்கு முதலில் வைத்த பெயர் 'புளோரிசல் தெரு'. "கக்கூஸ் கழுவும் மருந்து மாதிரி இருக்கிறது" என்று தேநீர் கொண்டுவந்த அம்மாள் சொன்னாளாம். 'காரனேஷன் ஸ்ட்ரீட்' என்று பெயர் மாறியது.

அப்பாவின் கோபம்

1960 டிசம்பர் 9-ந் தேதி, வெள்ளிக்கிழமை மாலை 7 மணிக்கு நாடகம் ஆரம்பமாயிற்று.

முதல் நாள் காட்சி ஒன்று. கல்லூரியில் படிக்கும் மகனுக்குத் தன் வீட்டார் சாப்பிடும் விதமே வெட்கமாக இருக்கிறது. தோழியைச் சந்திக்க அவன் ஒரு பெரிய ஓட்டலுக்குப் போகப் பார்க்கிறான். அதே ஓட்டலின் சமையற்கட்டில்தான் அவன் தாய் வேலை செய்கிறாள்! அப்பாவுக்குக் கோபம் வராதா?

தலையில் வலையைக் கட்டிக்கொண்டு எல்லோரையும் வெளுத்து வாங்கும் கிழவி ஈனா ஷார்ப்பிள்ஸ் வேடத்துக்குப் பல நடிகைகளைப் பார்த்தார்கள், யாரும் ஒத்துவரவில்லை. சிறுவனாக ரேடியோவில் நடித்தபோது தன்னை அதட்டிய வயலட் கார்சனின் நினைவு வாரனுக்கு வந்தது. அவரை அழைத்தார்கள். அந்த வேடத்தாலேயே நாடெங்கும் புகழ் பெற்றார் அந்த அம்மையார்.

இந்த நாடகம் தேறாது என்று ஒரு பத்திரிகை விமர்சகர் எழுதினார். 1961-லேயே அது இங்கிலாந்தில் மிக அதிகம் பேர் பார்க்கும் நிகழ்ச்சி ஆகிவிட்டது.

குடியும் மீட்சியும்

வாரனுக்கு அப்போது வயது 24. அந்தப் புகழ் அவரை நிம்மதியாக வைக்கவில்லை. சில ஆண்டுகளில் கம்பெனியை விட்டு விலகினார். குடியும் போதை மருந்தும் அவரைப் பிடித்துக்கொண்டன. தெரு மட்டும் ஓடிக்கொண்டே இருந்தது. மற்றவர்கள் வசனம் எழுதினார்கள்.

பிறகு அவர் குடியை விட்டார். 1990-களில் மான்செஸ்டர் மக்களைப் பற்றி நாவல்கள் எழுதினார். 1994-ல் அரசு விருது கிடைத்தது. நாடகக் குழுவினரும் அவரைக் கைவிடவில்லை, ஆலோசகராக வைத்துக்கொண்டார்கள்.

2016 மார்ச் 1-ந் தேதி, 79-வது வயதில் டோனி வாரன் காலமானார். 2020 பிப்ரவரியில் 'காரனேஷன் ஸ்ட்ரீட்' 10,000-வது பகுதியைத் தொட்டது.