காலனியாட்சி வகுத்த எல்லைகளும் ஆப்பிரிக்க நாடுகளின் அரசியல் வரலாறும்

முன்னுரை

இருபதாம் நூற்றாண்டின் நடுப்பகுதியில் ஆப்பிரிக்க நாடுகள் ஒன்றன்பின் ஒன்றாக விடுதலை பெற்றன. 1957 மார்ச் 6ஆம் நாள் கானா விடுதலையடைந்தது. 1960ஆம் ஆண்டில் மட்டும் 17 நாடுகள் விடுதலை பெற்றன. அயலக ஆட்சியாளர் வெளியேறினர். ஆயினும் அவர்கள் வகுத்த எல்லைகள் பெரும்பாலும் மாறவில்லை. காலனியாட்சியை எதிர்த்துப் போராடிய தலைவர்களே அவ்வாட்சி விட்டுச்சென்ற எல்லைகளைக் காக்க முன்வந்தது ஏன்? அம்முடிவு எதைக் காத்தது? எதைக் காவாது விட்டது? இவ்வினாக்களுக்கு விடை காண்பதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

எல்லைகள் உருவான முறை

ஆப்பிரிக்க நாடுகளின் எல்லைகள் யாவும் பெர்லின் மாநாட்டில் வரையப்பட்டவை என்னும் கருத்துப் பரவலாக உள்ளது. இது முழு உண்மையன்று. 1884 நவம்பர் முதல் 1885 பிப்ரவரி வரை நடைபெற்ற அம்மாநாட்டில் 14 நாடுகள் பங்கேற்றன. ஆப்பிரிக்க அரசு எதுவும் அழைக்கப்படவில்லை. காங்கோ, நைஜர் ஆறுகளில் கப்பல் போக்குவரத்துக்குரிய விதிகளையும், கடற்கரைப் பகுதிகளைப் புதிதாகக் கைக்கொள்ளும் நாடுகள் பின்பற்றவேண்டிய நெறிகளையுமே அம்மாநாடு முதன்மையாக வகுத்தது. எல்லைக்கோடுகளுள் மிகப்பல, அதன்பின் ஐரோப்பிய வல்லரசுகள் தமக்குள் செய்துகொண்ட இருதரப்பு உடன்படிக்கைகளால் உருவானவை. அவை ஆறுகளையும் அட்சக்கோடுகளையும் தீர்க்கக்கோடுகளையும் நோக்கினவேயன்றி, அங்கு வாழ்ந்த மக்களின் மொழியையோ மேய்ச்சல் நிலத்தையோ பெரிதும் கருதவில்லை.

எவே இன மக்களின் நிலை இதற்குத் தக்க சான்றாகும். ஜெர்மனியின் ஆட்சியிலிருந்த டோகோலாந்து, முதல் உலகப்போருக்குப்பின் பிரித்தானியாவுக்கும் பிரான்சுக்கும் பங்கிடப்பட்டது. 1956இல் நடந்த பொதுவாக்கெடுப்பின்படி பிரித்தானியப் பகுதி கோல்டு கோஸ்டுடன் இணைந்து, மறு ஆண்டு கானாவின் பகுதியாயிற்று. எவே மக்கள் மிகுதியாக வாழ்ந்த தென்பகுதியிலோ இணைப்புக்கு எதிரான வாக்குகளே மிகுந்திருந்தன. இன்றும் அவ்வினத்தார் கானா, டோகோ என்னும் இரு நாடுகளில் பிரிந்து வாழ்கின்றனர்.

அக்ராவிலிருந்து கெய்ரோ வரை

தொடக்கத்தில் இவ்வெல்லைகளுக்கு வலுவான எதிர்ப்பு இருந்தது. 1958 டிசம்பரில் அக்ராவில் கூடிய அனைத்து ஆப்பிரிக்க மக்கள் மாநாடு, செயற்கையான எல்லைகளைக் கண்டித்து, அவற்றை விரைவில் நீக்கவோ திருத்தவோ வேண்டுமெனத் தீர்மானித்தது. அங்குக் கூடியவர்களுள் பெரும்பாலோர் கட்சிகளையும் தொழிற்சங்கங்களையும் சார்ந்தோர். அவர்களுட் பலர் சில ஆண்டுகளில் அரசுப் பொறுப்பேற்றபோது சிக்கலின் மறுபக்கத்தைக் கண்டனர்.

1960 ஜூலையில் கனிம வளம் மிக்க கட்டாங்கா, காங்கோவிலிருந்து பிரிவதாக அறிவித்தது. 1963 ஜனவரியிலேயே அப்பிரிவினை முடிவுக்கு வந்தது. அதே ஆண்டு மே மாதத்தில் அடிஸ் அபாபாவில் ஆப்பிரிக்க ஒற்றுமை அமைப்பு தோன்றியது. ஐந்து மாதங்கள் கழிவதற்குள் அதன் உறுப்பு நாடான அல்ஜீரியாவும் அண்டை நாடான மொரோக்கோவும் எல்லைத் தகராறினால் போரில் இறங்கின. ஏறத்தாழ ஒவ்வொரு நாட்டிலும் பல இனத்தார் வாழும் நிலையில், ஓர் எல்லையைத் திருத்தினால் எல்லா எல்லைகளும் வினாவுக்குள்ளாகும் என்னும் அச்சம் வளர்ந்தது. புதிய ஆட்சியாளர்களின் அதிகாரமும் அவ்வெல்லைகளையே சார்ந்திருந்தது என்பதையும் மறத்தலாகாது.

1964 ஜூலையில் கெய்ரோவில் கூடிய உச்சி மாநாட்டில், விடுதலையின்போது நிலவிய எல்லைகளை மதிப்பதென உறுப்பு நாடுகள் உறுதியேற்றன. இத்தீர்மானத்தை முன்மொழிந்தவர் ஜூலியஸ் நியரேரே. மொரோக்கோவும் சோமாலியாவும் இதனை ஏற்கவில்லை.

சோமாலியாவின் மறுப்பு

சோமாலியாவின் மறுப்புக்குக் காரணம் அதன் கொடியிலேயே உள்ளது. அக்கொடியின் ஐம்முனை விண்மீன், சோமாலியர் வாழ்ந்த ஐந்து நிலப்பகுதிகளைக் குறிப்பது. அவற்றுள் பிரித்தானிய, இத்தாலிய சோமாலிலாந்துகள் 1960இல் ஒரே நாடாயின. ஏனைய மூன்று, எத்தியோப்பியாவின் ஒகாடன், கென்யாவின் வடகிழக்குப் பகுதி, இன்றைய ஜிபூத்தி ஆகியன.

1977இல் சோமாலியா ஒகாடனுக்குள் படையெடுத்தது. சோவியத் ஒன்றியமும் கியூபாவும் எத்தியோப்பியாவுக்குத் துணைநின்றமையால் 1978இல் தோற்றுப் பின்வாங்கியது. மேலைநாட்டுச் சார்புடைய கென்யாவும் பொதுவுடைமைச் சார்புடைய எத்தியோப்பியாவும் சோமாலியாவின் கோரிக்கைக்கு எதிராக ஒருங்கே நின்றன. கொள்கை வேறுபாட்டினும் எல்லை பற்றிய அச்சமே வலிமை பெற்றிருந்தது என்பதை இது காட்டுகிறது.

பியாஃப்ரா எழுப்பிய வினா

கெய்ரோ தீர்மானம் நாடுகளுக்கிடையே எழும் பூசலைக் கருதியது. ஒரு நாட்டுக்குள் வாழும் மக்கள் தம் அரசினாலேயே பாதுகாக்கப்படாதபோது என்ன செய்வது என்னும் வினாவுக்கு அதில் விடையில்லை. 1966இல் நைஜீரியாவின் வடபகுதியில் இக்போ மக்கள் ஆயிரக்கணக்கில் கொல்லப்பட்டனர். 1967 மே 30ஆம் நாள் கிழக்குப் பகுதி, பியாஃப்ரா என்னும் பெயரில் தனிநாடாக அறிவிக்கப்பட்டது. 1970 ஜனவரியில் போர் முடிவதற்குள் இலட்சக்கணக்கானோர் மாண்டனர். அவர்களுட் பெரும்பாலோர் பட்டினியாலும் நோயாலும் இறந்தவர்கள்.

ஆப்பிரிக்க நாடுகளுள் நான்கு மட்டுமே பியாஃப்ராவை ஏற்றன. அவற்றுள் முதலில் ஏற்றது தான்சானியா. கெய்ரோ தீர்மானத்தை முன்மொழிந்த நியரேரேயே 1968 ஏப்ரலில் இம்முடிவை எடுத்தார். அரசு என்பது மக்களின் பாதுகாப்புக்காக அமைந்தது. அப்பாதுகாப்பை ஒரு பகுதி மக்கள் இழந்தபின், ஒற்றுமையை அவர்கள்மீது படைவலிமையால் சுமத்தலாகாது என்பது அவர்தம் வாதம். எல்லையை மதிக்கும் கொள்கையை அவர் கைவிட்டாரல்லர். அக்கொள்கை எதன்பொருட்டு ஏற்கப்பட்டதோ அதனை நினைவூட்டினார். எனினும், பெரும்பாலான நாடுகள் அவர் வழியைப் பின்பற்றவில்லை. தத்தம் நாட்டிலும் பிரிவினை எழக்கூடும் என்னும் அச்சமே அதற்குத் தலையாய காரணமாகும்.

நீதிமன்றமும் நிலப்படமும்

1985 டிசம்பரில் மாலியும் புர்கினா ஃபாசோவும் எல்லைப்பகுதி ஒன்றுக்காகச் சில நாட்கள் போரிட்டன. பன்னாட்டு நீதிமன்றம் 1986இல் வழங்கிய தீர்ப்பில், பிரெஞ்சு ஆட்சிக்கால நிருவாக எல்லைகளையே அளவுகோலாகக் கொண்டது. தென் அமெரிக்காவில் எசுபானியக் காலனிகள் விடுதலை பெற்றபோது கையாளப்பட்ட இந்நெறி, சுயநிர்ணய உரிமையோடு முரண்படுவதாகத் தோன்றும் என்பதை நீதிமன்றமும் உணர்ந்திருந்தது. ஆயினும், அரும்பாடுபட்டுப் பெற்ற விடுதலையை நிலைநிறுத்த இது தேவையென அது கருதியது. இரு நாடுகளும் தீர்ப்பை ஏற்றன.

2002இல் பக்காசி தீபகற்பம் கேமரூனுக்கு உரியதெனத் தீர்ப்பாயிற்று. 1913இல் பிரித்தானியாவும் ஜெர்மனியும் செய்துகொண்ட உடன்படிக்கை இதற்கு அடிப்படையாயிற்று. நைஜீரியா 2008இல் அப்பகுதியை முற்றிலும் ஒப்படைத்தது. இரு நாடுகளுக்கிடையே பெரும்போர் தவிர்க்கப்பட்டது. அங்கு வாழ்ந்தோருட் பெரும்பாலோர் தம்மை நைஜீரியராகவே கருதியவர்கள்; அவர்களுடைய விருப்பம் வாக்கெடுப்பால் அறியப்படவில்லை.

புதிய நாடுகளும் பழைய கோடுகளும்

எரித்திரியா 1993இலும் தென் சூடான் 2011இலும் பொதுவாக்கெடுப்புக்குப்பின் தனிநாடுகளாயின. எரித்திரியா தன் எல்லைக்கு இத்தாலிய ஆட்சிக்கால வரையறையைச் சான்றாகக் கொண்டது. தென் சூடானின் எல்லை, சூடான் விடுதலை பெற்ற 1956 ஜனவரி 1ஆம் நாள் நிலவிய மாகாண எல்லையின்படி கொள்ளப்பட்டது. 1991இல் சோமாலியாவிலிருந்து பிரிவதாக அறிவித்த சோமாலிலாந்தும் பழைய பிரித்தானிய எல்லையையே தன் எல்லையெனக் கூறுகிறது; ஆயினும், ஆப்பிரிக்க ஒன்றியம் அதனை ஏற்கவில்லை. பிரிவினை கோருவோரும் காலனியாட்சிக் கோட்டையே சான்றாகக் காட்ட நேர்ந்தமை இவ்வரலாற்றின் முரணாகும்.

புதிய எல்லை மட்டுமே அமைதி தராது என்பதற்கும் தென் சூடான் சான்றாகும். விடுதலை பெற்ற மூன்றாம் ஆண்டிலேயே, 2013 டிசம்பரில், அங்கு உள்நாட்டுப் போர் மூண்டது.

முடிவுரை

கெய்ரோ தீர்மானத்தை அடிமைப் புத்தியின் விளைவெனத் தள்ளுவதும், குறையற்ற அறிவுடைமையெனப் போற்றுவதும் பொருந்தா. அது நாடுகளுக்கிடையிலான எல்லைப் போர்களைக் கட்டுப்படுத்த உதவியது. அதேவேளையில், எல்லைக்குள் அரசு செய்யும் கொடுமைகளைப் பிறர் கண்டும் காணாதிருக்க ஒரு காரணத்தையும் அளித்தது. 2000ஆம் ஆண்டில் ஏற்கப்பட்ட ஆப்பிரிக்க ஒன்றியத்தின் அமைப்புச் சட்டம், விடுதலைக்கால எல்லைகளை மதித்தலை நான்காம் பிரிவில் மீண்டும் உறுதிசெய்தது. போர்க்குற்றம், இனப்படுகொலை, மானுடத்துக்கு எதிரான குற்றம் ஆகியன நிகழும்போது உறுப்பு நாட்டில் தலையிடும் உரிமையையும் அதே பிரிவு ஒன்றியத்துக்கு வழங்கியது. நியரேரே 1964இல் முன்மொழிந்ததும் 1968இல் வலியுறுத்தியதும் இவ்வாறு ஒரே சட்டப்பிரிவில் இடம்பெற்றன. முன்னது நடைமுறையில் வேரூன்றிவிட்டது. பின்னது இன்னும் பெரும்பாலும் எழுத்தளவிலேயே நிற்கிறது.