ருக்மணி தேவி: ரம்பொடையில் பிறந்த திரைக்குரல்

மாத்தளை நேயர்களுக்கு ரம்பொடை தூரத்து ஊரல்ல. அங்கே 1923 ஜனவரி 15இல், கிறிஸ்தவக் கொழும்புச் செட்டிக் குடும்பமொன்றில் டெய்சி ராசம்மா டேனியல்ஸ் பிறந்தார். பின்னாளில் ருக்மணி தேவியானவர் அவரே. முதல் சிங்களப் பேசும்படமான 'கடவுனு பொரொந்துவ' 1947 ஜனவரி 21இல் கொழும்பு கிங்ஸ்லி அரங்கில் திரையேறியபோது கதாநாயகி அவர்தான். படத்தைத் தயாரித்தவர் எஸ். எம். நாயகம் என்ற தமிழர். படப்பிடிப்பு நடந்தது மதுரையில். ஆக, சிங்களத் திரையின் பிறப்பிலேயே தமிழரின் உழைப்பும் கலந்திருக்கிறது. இதை நாம் இன்னும் உரத்துச் சொல்ல வேண்டும்.

அந்தக் காலப் படங்கள் தென்னிந்தியப் படங்களின் நகல், அவற்றில் நடித்தவருக்கு என்ன பெருமை என்று கேட்பவர்கள் உண்டு. கதையும் காட்சியமைப்பும் இரவல் என்பது பெரும்பாலும் உண்மையே. ஆனால் ருக்மணி தேவி ஸ்டூடியோ உருவாக்கிய நடிகை அல்லர். சிறுவயதிலேயே மேடையேறினார், இசைத்தட்டுகளில் பாடிப் பெயர் பெற்றார், ஜயமான்ன சகோதரர்களின் மினர்வா நாடகக் குழுவில் தேர்ந்த பிறகே கமராவின் முன் நின்றார். திரையில் நடித்ததோடு தாமே பாடவும் செய்தார். இரவல் கதைக்குள் இரவலாக இல்லாதது அந்தக் குரல். 1978 அக்டோபர் 28இல் வீதி விபத்தில் அவர் இறந்தார். அதற்குள் சிங்களத் திரை யதார்த்தப் பாதைக்கு மாறிவிட்டது. அவருடைய பாடல்களோ இன்றும் வானொலியில் ஒலிக்கின்றன.